கன்மேன் கேட்பதா, கோர்ட்டுக்குப் போவதா? மிரட்டல் வந்த பிறகு எடுக்க வேண்டிய முடிவு

கல்குவாரிக்கு எதிராக இரண்டு வருடமாக மனு போட்டுக்கொண்டிருக்கும் அண்ணன் ஒருவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் வீட்டுத் திண்ணையில் வந்து உட்கார்ந்தார். முந்தின நாள் இரவு பெட்டிக்கடையில் நின்றவரிடம் யாரோ ஒருவர், "ரோட்டுல டிப்பர் நிறைய ஓடுது, பாத்துப் போங்கண்ணே" என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அவ்வளவுதான். கெட்ட வார்த்தை இல்லை, கத்தி இல்லை. ஆனால் 2025 ஜனவரி 17 அன்று கல்குவாரி முறைகேடுகளுக்கு எதிராக மனு கொடுத்துவந்த திருமயம் ஜகபர் அலி வெள்ளிக்கிழமைத் தொழுகை முடிந்து இருசக்கர வாகனத்தில் திரும்பும்போது டிப்பர் லாரி ஏற்றிக் கொல்லப்பட்ட பிறகு, குவாரி உள்ள ஊர்களில் அந்த வாக்கியத்துக்கு யாரும் அருஞ்சொற்பொருள் கேட்பதில்லை.

"கன்மேன் கேட்டு ஒரு மனு எழுதிக் குடு தம்பி" என்றார் அண்ணன்.

நான் வக்கீல் இல்லை. மனு எழுதிக் கொடுப்பவன். கேட்டதும் எழுதிக் கொடுப்பதுதான் என் வழக்கம். அன்றைக்கு எழுதவில்லை. அரசிடம் பாதுகாப்பு கேட்க இந்த நாட்டில் ஒரு வழி மட்டும் இல்லை. ஒவ்வொன்றுக்கும் வாசல் வேறு, முடிவெடுக்கும் ஆள் வேறு. நான்கு நாள் உட்கார்ந்து, தெரிந்த வக்கீல் ஒருவரையும் கேட்டு, நாங்கள் போட்டுப் பார்த்த கணக்கு இது.

துப்பாக்கியோடு ஒரு காவலர்

பாதுகாப்பு என்றதும் எல்லோருக்கும் கண்ணில் படுவது இதுதான். எஸ்.பி.யிடமோ மாநகரம் என்றால் கமிஷனரிடமோ மனு கொடுக்க வேண்டும். உள்ளூர் காவல் நிலையத்திலும் உளவுப் பிரிவிலும் அறிக்கை கேட்பார்கள். அச்சுறுத்தல் உண்மை என்று அவர்கள் எழுதினால் ஆள் வருவார். தனிநபர் என்றால் கட்டணம் கட்டச் சொல்வதும் உண்டு. மிரட்டல் வந்தது பொதுக்காரியத்தால் என்று காட்டி விலக்கு கேட்டுப் பார்க்கலாம்.

இதன் பலத்தைக் குறைத்துச் சொல்ல முடியாது. பகுத்தறிவாளர் நரேந்திர தாபோல்கர் போலீஸ் பாதுகாப்பு வேண்டாம் என்று மறுத்தவர். 2013 ஆகஸ்ட் 20 அன்று புனேயில் காலை நடைப்பயிற்சியில் சுடப்பட்டார். கன்னட எழுத்தாளர் எம்.எம். கல்புர்கிக்குப் பாதுகாப்பு இருந்தது. அவரே வேண்டாம் என்று சொல்லி அதை எடுக்கவைத்தார். 2015 ஆகஸ்ட் 30 காலையில் தார்வாட் வீட்டு வாசலுக்கே வந்து சுட்டார்கள். பெங்களூர் பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் கொலையை விசாரித்த சிறப்புப் புலனாய்வுக் குழு, மைசூர் எழுத்தாளர் கே.எஸ். பகவானைக் கொல்லவும் திட்டம் இருந்தது என்று கண்டுபிடித்தது. பகவானுக்குப் போலீஸ் காவல் இருந்தது. அவர் இன்றும் பேசிக்கொண்டிருக்கிறார். காவல்தான் காப்பாற்றியது என்று என்னால் நிரூபிக்க முடியாது. ஆனால் குறி வைக்கிறவன் பக்கத்தில் ஆள் நிற்கிறதா என்று பார்க்காமலா இருப்பான்?

அப்படியிருந்தும் அண்ணனுக்கு இதை முதலில் வைக்க எனக்கு மனசு வரவில்லை. காரணம் துப்பாக்கி இல்லை, அந்தத் துப்பாக்கி யாருக்குப் பதில் சொல்கிறது என்பது. கன்மேன் எஸ்.பி.யின் ஆள். அண்ணன் எங்கே போகிறார், யாரைப் பார்க்கிறார், யார் வந்து ரகசியமாக ஆவணம் தருகிறார்கள் என்பது தினமும் ரிப்போர்ட்டாகப் போகும். புகாரில் பாதி, லாரியைக் கண்டும் காணாமல் விடுகிற உள்ளூர் நிலையத்தின் மேல் என்றால், அதே துறையின் ஆளைக் கூட்டிக்கொண்டு சாட்சியைப் பார்க்கப் போவது எப்படி? வருகிற காவலர் நல்லவராகவே இருக்கட்டும். அவர் இருக்கிறார் என்பதற்காகவே குவாரியில் வேலை பார்க்கும் டிரைவர் பேச வர மாட்டார்.

இரண்டாவது, கொடுத்த கை எப்போது வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளும். மதுரை கிரானைட் முறைகேட்டை விசாரிக்க 2014-ல் உயர் நீதிமன்றமே நியமித்தவர் உ. சகாயம். நரபலிப் புகாரில் தோண்ட வேண்டிய இடத்தில் தடயம் அழிந்துவிடக் கூடாது என்று சுடுகாட்டிலேயே ஓர் இரவு படுத்திருந்தவர். அவருக்கு இருந்த பாதுகாப்பு 2023-ல் விலக்கிக்கொள்ளப்பட்டது. 2025-ல் கிரானைட் வழக்கில் சாட்சி சொல்லக் கூப்பிட்டபோது, பாதுகாப்பு இல்லாமல் வர முடியாது என்று அவரே எழுதிக் கொடுக்க வேண்டியதாயிற்று. ஐ.ஏ.எஸ். அதிகாரியாக இருந்தவருக்கே இந்த நிலை என்றால், இரண்டு ஏக்கர் மானாவாரிக்காரருக்கு எத்தனை நாள் நீடிக்கும்?

மூன்றாவதை அண்ணிதான் சொன்னார். "ரெண்டு ரூம் வீடு. வயசுக்கு வந்த பொண்ணு இருக்கு. அந்தத் தம்பி எங்க படுப்பாரு?" மனுவில் எழுத முடியாத கேள்வி. கிராமத்துப் பெண்கள் பலர் கன்மேன் வேண்டாம் என்று சொல்வதற்கு இதுதான் காரணம் என்று பிறகு மற்றவர்களிடம் விசாரித்தபோது தெரிந்தது.

ஆக, நகரத்தில் இருப்பவர், மேடையேறிப் பேசுபவர், எதிரி போலீஸ் அல்லாத ஓர் அமைப்பு என்றால் கன்மேனை முதலில் கேளுங்கள். மற்றவர்கள் கடைசியில் கேட்கலாம்.

மாவட்ட நீதிபதி முன் சாட்சிப் பாதுகாப்பு

இந்த வழி இருப்பது பல ஆர்வலர்களுக்குத் தெரிவதே இல்லை. சாட்சி என்றால் கோர்ட்டில் கூண்டில் நிற்பவர் என்று நினைத்துக்கொள்கிறோம்.

சாமியார் ஆசாராம், அவர் மகன் நாராயண் சாய் மீதான பாலியல் வன்கொடுமை வழக்குகளில் சாட்சிகள் ஒருவர் பின் ஒருவராகச் சுடப்பட்டார்கள். பானிபட்டைச் சேர்ந்த மகேந்தர் சாவ்லா 2015 மே மாதம் சுடப்பட்டுப் பிழைத்தார். அவரும் இன்னும் சிலரும் போட்ட மனுவில்தான் 2018 டிசம்பர் 5 அன்று உச்ச நீதிமன்றம் சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் 2018-ஐ ஏற்று, சட்டம் வரும்வரை எல்லா மாநிலங்களையும் அது கட்டுப்படுத்தும் என்று தீர்ப்பளித்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-ன் 398-வது பிரிவு, ஒவ்வொரு மாநிலமும் தனக்கென ஒரு சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் அறிவிக்க வேண்டும் என்கிறது. அதனால் மனு போடும் முன் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இப்போதைய படிவத்தை வாங்கிவிடுங்கள். நான் சொல்வது 2018 திட்டத்தின் கணக்கு.

அதில் சாட்சி என்பவர் யார்? ஒரு குற்றத்தைப் பற்றிய தகவலோ ஆவணமோ கையில் வைத்திருக்கும் எவரும். குற்றப்பத்திரிகையில் பெயர் இருக்க வேண்டியதில்லை. தகவல் உரிமைச் சட்டத்தில் நடைச்சீட்டு (கல் ஏற்றிப் போகும் லாரிக்கான அனுமதிச் சீட்டு) நகல் வாங்கி வைத்திருக்கும் அண்ணன் இதற்குள் வருவார். மனைவி, பிள்ளைகள், பெற்றோர், உடன்பிறந்தவர்கள், பேரப்பிள்ளைகள் வரைக்கும் பாதுகாப்பு கேட்கலாம்.

முடிவெடுப்பது எஸ்.பி. மட்டும் இல்லை. மாவட்ட அமர்வு நீதிபதி தலைவர், மாவட்டக் காவல்துறைத் தலைவர் உறுப்பினர், மாவட்ட அரசு வழக்குத் துறைத் தலைவர் உறுப்பினர் செயலர். மனு வந்ததும் உட்கோட்ட டி.எஸ்.பி.யிடம் அச்சுறுத்தல் அறிக்கை கேட்பார்கள். ஐந்து வேலை நாளில் அது வர வேண்டும். வந்ததிலிருந்து ஐந்து வேலை நாளில் முடிவு சொல்ல வேண்டும். அவசரம் என்றால் அதற்கு முன்பே இடைக்காலப் பாதுகாப்பு. விசாரணை மூடிய அறையில். அறிக்கை எழுதுவது போலீஸ்தானே என்று கேட்கலாம். ஆமாம். ஆனால் "மிரட்டல் ஏதுமில்லை" என்று நீதிபதிக்குக் கையெழுத்துப் போட்டு அனுப்புவது, நிலையத்தில் வாயால் சொல்லி அனுப்பிவிடுவதைவிடக் கொஞ்சம் கனமான காரியம். நாளைக்கு ஏதாவது நடந்தால் அந்தத் தாள் பேசும். அந்தப் பயம் ஒன்றே பாதிப் பாதுகாப்பு என்பது என் கணிப்பு.

கிடைப்பதும் பலவகை. வீட்டைச் சுற்றி ரோந்து, கேமரா, அலாரம், வேலி, அவசரத்துக்குக் கூப்பிட ஒரு குறிப்பிட்ட அதிகாரி, தொலைபேசி மிரட்டலைக் கண்காணிப்பது, கோர்ட்டுக்குப் போய்வரத் துணை, கொஞ்ச நாள் உறவினர் வீட்டுக்கோ பக்கத்து ஊருக்கோ மாறி இருக்க ஏற்பாடு, அதற்குப் பண உதவி. பக்கத்திலேயே நிற்கும் காவலும் பட்டியலில் உண்டு. கன்மேன் கேட்டால் கன்மேன் மட்டும்தான். இங்கே தேவைக்குத் தகுந்தபடி கேட்கலாம்.

குறைகளும் சின்னவை இல்லை. ஒரு தடவைக்கு மூன்று மாதத்துக்கு மேல் பாதுகாப்பு நீளாது; மறுபடி கேட்க வேண்டும். பொய்ப் புகார் என்று ஆனால் செலவைத் திருப்பி வசூலிக்கலாம். எல்லாவற்றையும்விடப் பெரிய முடிச்சு ஒன்று இருக்கிறது: சில குற்றங்களுக்கு மட்டும்தான் இந்தத் திட்டம். மரண தண்டனை, ஆயுள், அதிகபட்சத் தண்டனை ஏழு வருடமோ அதற்கு மேலோ உள்ள குற்றங்கள், பிறகு பெண்களுக்கு எதிரான சில குற்றங்கள், இவ்வளவுதான். கனிம வளச் சட்டம் 21-வது பிரிவில் சட்டவிரோதக் குவாரிக்கு அதிகபட்சத் தண்டனை ஐந்து வருடம். சாதாரணத் திருட்டுக்கு மூன்று. அதாவது மலையையே வெட்டிக்கொண்டு போனதற்குச் சாட்சி சொல்பவர், அந்தக் காரணத்தை மட்டும் வைத்துக் கேட்டால், திட்டத்துக்கு வெளியே நிற்கிறார்!

இந்த இடத்தில்தான் நாங்கள் ஒரு நாள் முழுக்க மாட்டிக்கொண்டோம். வழி இரண்டு இருக்கிறது. வெடிபொருளைச் சட்டவிரோதமாக வைத்திருந்ததற்கோ ஆபத்தாக வெடித்ததற்கோ ஆதாரம் இருந்து, 1908-ம் வருட வெடிபொருட்கள் (Explosive Substances) சட்டத்தில் வழக்கு விழுந்தால், தண்டனை ஏழு வருடத்தைத் தாண்டும். இன்னொன்று, மிரட்டலையே குற்றமாகப் பதிவு செய்வது. கொன்றுவிடுவேன் என்று மிரட்டினால் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா 351(3)-ன் கீழ் ஏழு வருடம் வரை தண்டனை. அந்தப் பிரிவில் எஃப்.ஐ.ஆர். விழுந்துவிட்டால் கதவு திறக்கும். ஆனால் "டிப்பர் நிறைய ஓடுது" என்பது கொலை மிரட்டலா, சாலைப் பாதுகாப்பு அறிவுரையா என்று எழுத்தர் கேட்பார். எங்களிடம் கேட்கவும் செய்தார்.

தலித் ஆர்வலர்களுக்கு இதைவிட நேரான வழி உண்டு. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2016 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த 15ஏ பிரிவு, பாதிக்கப்பட்டவர், அவரைச் சார்ந்தவர்கள், புகார் கொடுத்தவர், சாட்சி எல்லோருக்கும் பாதுகாப்பு, பயணச் செலவு, இடமாற்றம், மறுவாழ்வு தருவதைச் சிறப்பு நீதிமன்றத்தின் கடமையாக்கியிருக்கிறது. அந்தச் சட்டத்தில் வழக்கு இருந்தால், முதலில் அங்கே போங்கள்.

மதுரைக் கிளை

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் பாதுகாப்பு கோரி மனு போடலாம். நல்ல உத்தரவும் கிடைக்கும். ஆனால் பெரும்பாலும் கிடைப்பது, "மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்கவும்" என்பதுதான். பரிசீலிப்பவர் மறுபடியும் எஸ்.பி. அச்சுறுத்தலின் அளவை எடைபோடுவது நிர்வாகத்தின் வேலை என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. கீழே இரண்டு கதவைத் தட்டி, மறுத்த தாளைக் கையில் வைத்துக்கொண்டு போனால் இந்த வழிக்கு வலு. வெறுங்கையோடு போனால் வக்கீல் கட்டணம் போனதுதான் மிச்சம்.

பெயரை மறைப்பது

மிரட்டல் வந்த பிறகு இதைப் பேசுவது வெள்ளம் வந்த பிறகு கரை கட்டுகிற கதை. ஆனாலும் அடுத்த மனுவுக்காகச் சொல்கிறேன். நெடுஞ்சாலை ஊழலை எழுதிய பொறியாளர் சத்யேந்திர துபே 2003 நவம்பரில் கயாவில் கொல்லப்பட்ட பிறகு, 2004-ல் மத்திய அரசு, ஊழலைச் சொல்பவரைக் காக்க பிட்பி (PIDPI) என்ற தீர்மானத்தைக் கொண்டுவந்தது. உறையின் மேல் பிட்பி என்று எழுதி மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையத்துக்கு அனுப்பினால் புகார் கொடுத்தவர் பெயரை வெளியில் விட மாட்டார்கள். மத்திய அரசு, அதன் நிறுவனங்கள் பற்றிய புகாருக்கு மட்டும்தான் இது. கிரஷருக்கும் தாசில்தாருக்கும் உதவாது. ஊழலைச் சொல்பவரைப் பாதுகாக்கும் சட்டம் 2014-ல் நாடாளுமன்றத்தில் நிறைவேறி, குடியரசுத் தலைவர் கையெழுத்தும் வாங்கியது. நடைமுறைக்கு வரவே இல்லை. தாளில் தூங்குகிறது.

ஜகபர் அலி விஷயத்திலும், கொடுத்த மனுவின் விவரம் எதிர்த் தரப்புக்குப் போய்விடுகிறது என்ற குற்றச்சாட்டு அப்போது பலமாக எழுந்தது. திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் வரிசையில் நின்று, எல்லோர் முன்னாலும் பெயர் வாசிக்கப்பட்டு மனு கொடுக்கிறோம். அங்கே ரகசியம் ஏது? அதனால் பெயரை மறைக்க முடியாவிட்டால் பெயரைப் பெருக்கலாம். ஒருவர் கொடுத்தால் அவர் எதிரி. முப்பது பேர் கையெழுத்துப் போட்டால் எவரை என்று?

சொந்தத் துப்பாக்கி

வேண்டாம். கலெக்டரிடம் உரிமம் கேட்கலாம்தான். கிடைக்க மாதக்கணக்காகும், லாரி பின்னால் வரும்போது எடுக்க நேரம் இருக்காது, எதிர்த் தரப்பு பொய் வழக்குப் போட நாமே வசதி செய்து கொடுத்தது போலாகும்.

நேரமும் வழியும்

இந்தக் கொலைகளை வரிசையாக எழுதிப் பார்த்தபோது என் கை நின்ற இடம் ஒன்று உண்டு. தலேகாவ் ஊரின் தகவல் உரிமை ஆர்வலர் சதீஷ் ஷெட்டி மிரட்டல் வருகிறது, பாதுகாப்பு கொடுங்கள் என்று கேட்டிருந்தார். 2010 ஜனவரி 13 அன்று காலை நடையில் வெட்டப்பட்டார். தாபோல்கர் காலை நடையில். கோல்ஹாபூர் கம்யூனிஸ்ட் தலைவர் கோவிந்த் பன்சாரே, 2015 பிப்ரவரியில் மனைவியோடு காலை நடை முடிந்து திரும்பும்போது. கௌரி லங்கேஷ் அலுவலகம் விட்டு வந்து வீட்டுக் கதவைத் திறக்கும்போது. திருநெல்வேலியில் ஓய்வுபெற்ற எஸ்.ஐ. ஜாகிர் உசேன், தன் உயிருக்கு ஆபத்து என்று வீடியோ வெளியிட்டவர், 2025 மார்ச் 18 அதிகாலைத் தொழுகை முடிந்து திரும்பும்போது. எல்லாமே தினமும், அல்லது வாரம் தவறாமல், அதே நேரத்தில் அதே வழியில்.

கௌரி வீட்டு வாசலில் கேமரா இருந்தது. அது கொலையைப் பதிவு செய்தது, விசாரணைக்கு உதவியது. தடுக்கவில்லை. ஆகவே வீட்டுக் கேமராவை நம்பிக் காலை நடையைத் தொடரக் கூடாது. நடையை மாற்றலாம், டீக்கடையை மாற்றலாம். தொழுகை நேரத்தை மாற்ற முடியாது, பால் சொசைட்டி நேரத்தை மாற்ற முடியாது. மாற்ற முடியாத அந்த அரை மணி நேரத்துக்குத்தான் ரோந்தோ துணையோ கேட்க வேண்டும். "எனக்கு ஆபத்து, பாதுகாப்பு தாருங்கள்" என்று எழுதுவதைவிட, "தினமும் காலை 5.30-க்கும் மாலை 6-க்கும் இந்த ஒன்றரைக் கிலோமீட்டர் தார்ச்சாலையில் போகிறேன், அந்த நேரத்தில் ரோந்து வேண்டும்" என்று எழுதினால் மறுப்பதற்குக் கஷ்டம். ஏன் மறுக்கிறோம் என்று காரணம் எழுத வேண்டியிருக்கும்.

வெளியே எப்படி

அரசு முழுமனதோடு செலவு செய்தால் தீர்ந்துவிடுமா என்று பார்க்கக் கொலம்பியா இருக்கிறது. அங்கே ஆபத்தில் உள்ள ஆர்வலர்களுக்கென்றே 2011 முதல் தேசியப் பாதுகாப்பு அமைப்பு ஒன்று நடக்கிறது. குண்டு துளைக்காத கார், உடுப்பு, மெய்க்காவலர், ஆபத்து நேரத்தில் அழுத்தும் பொத்தான் என்று ஆயிரக்கணக்கானவர்களுக்குக் கொடுத்திருக்கிறது. 2016 சமாதான ஒப்பந்தத்துக்குப் பிறகும் ஊர்த் தலைவர்கள் கொல்லப்படுவது நிற்கவில்லை. நகரத்துக்குத் தோதான கார், மலைக்கிராமத்துச் சேற்றில் என்ன செய்யும்? அதே நாட்டில் காவுகா பகுதியின் நாசா பழங்குடிகள் பச்சை, சிவப்பு நாடா கட்டிய கோல் மட்டும் வைத்துக்கொண்டு கூட்டமாகக் காவல் நிற்கிறார்கள். அவர்களிலும் பலர் பலியாகியிருக்கிறார்கள். ஆனால் ஒருவரைக் கடத்தினால் ஊரே திரண்டு போய் மீட்டு வந்ததும் நடந்திருக்கிறது.

ஹோண்டுராஸில் அணைக்கு எதிராகப் போராடிய பெர்த்தா காசெரெசுக்கு, பாதுகாப்பு கொடு என்று அமெரிக்க நாடுகளிடை மனித உரிமை ஆணையம் 2009-லேயே அவர் நாட்டு அரசிடம் சொல்லியிருந்தது. 2016 மார்ச் 2 இரவு அவர் வீட்டுக்குள் புகுந்து சுட்டபோது வாசலில் காவல் இல்லை. உத்தரவு வாங்குவது ஒரு வேலை; அது இன்று ராத்திரி நடக்கிறதா என்று பார்ப்பது தனி வேலை.

நாங்கள் எடுத்த முடிவு

கன்மேன் மனு எழுதவில்லை. முதலில் எழுத்துப்பூர்வமான புகார்: தேதி, நேரம், பெட்டிக்கடை, சொன்னவரின் அடையாளம், அப்போது பக்கத்தில் நின்ற இருவர் பெயர், திருமயம் சம்பவத்தைச் சுட்டி அந்த வாக்கியத்துக்கு இங்கே என்ன பொருள் என்று ஒரு பத்தி. நிலையத்தில் மூன்று தடவை அலைந்த பிறகு புகார் வாங்கியதற்கான ரசீதான சி.எஸ்.ஆர். மட்டும் கிடைத்தது. எஃப்.ஐ.ஆர். மறுக்கப்பட்டால் எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பலாம், அதற்கும் அசையாவிட்டால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம் என்று பி.என்.எஸ்.எஸ். 173(4) சொல்கிறது. பதிவுத் தபாலில் அனுப்பினோம். பன்னிரண்டாம் நாள் 351(3)-ல் எஃப்.ஐ.ஆர். வந்தது.

அதை இணைத்துச் சாட்சிப் பாதுகாப்பு மனு. ஐந்து நாள், ஐந்து நாள் என்று திட்டத்தில் இருப்பது எங்களுக்கு மூன்று வாரம் ஆனது. கேட்டது நான்கு: அந்த ஒன்றரைக் கிலோமீட்டரில் காலை மாலை ரோந்து, வாசலுக்கும் தெருமுனைக்கும் கேமரா, அழைத்தால் எடுக்கிற அதிகாரி ஒருவரின் எண், மகள் கல்லூரிப் பேருந்துக்குப் போகும் நேரத்தில் தெருவில் ஓர் ஆள். மகளுக்குக் கேட்டதைத் தவிர மற்றதெல்லாம் கிடைத்தது. மகளோடு இப்போது பக்கத்து வீட்டுப் பெரியம்மா போகிறார்.

வாசலில் ரோந்துப் புத்தகம் தொங்குகிறது. முதல் மாதம் கையெழுத்து ஒழுங்காக இருந்தது. இரண்டாவது மாதம் மூன்று நாள் விடுபட்டது. அண்ணி அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து எனக்கு அனுப்பினார், அன்று மாலையே அந்த அதிகாரிக்கு எழுதினோம். தேதி கிழிக்கும் காலண்டரில் மூன்று மாதம் முடிவதற்குப் பத்து நாள் முந்தின தாளில் சிவப்பு மையால் வட்டம் போட்டு வைத்திருக்கிறார். கன்மேன் மனுவையும் எழுதி, தேதி போடாமல் என் ஃபைலில் வைத்திருக்கிறேன்.